கல்லாப்பெட்டியும் கேள்வி நேரமும்

முதலில் உங்களுக்கு ஒரு சின்னப் பரீட்சை. மூன்றே கேள்விகள். பக்கத்தில் இருப்பவரைப் பார்த்து எழுதக் கூடாது.

ஒன்று: உங்கள் தொகுதி எம்.பி. பெயர் என்ன? இரண்டு: எம்.பி. ஆவதற்கு முன்னால் அவர் என்ன தொழில் செய்தார்? மூன்று: அவர் பாராளுமன்றத்தில் கேட்ட ஏதாவது ஒரே ஒரு கேள்வியைச் சொல்லுங்கள்.

முதல் கேள்வியில் பாதிப் பேராவது பாஸ் ஆகிவிடுவீர்கள். இரண்டாவதில், அவர் மட்டும் வியாபாரியாக இருந்தால், இன்னும் நிறையப் பேர் பாஸ். கடை எந்தத் தெருவில் இருந்தது, முதல் பார்ட்னர் யார், எதனால் சண்டை வந்தது என்பது வரைக்கும் சொல்வீர்கள். மூன்றாவது கேள்வியில் வகுப்பே ஃபெயில்.

உங்களை மட்டும் குற்றம் சொல்ல முடியாது. பத்திரிகைகள் எழுதுகிற விதம் அப்படி. சின்ன ஊர் வியாபாரி ஒருவர் டெல்லிக்குப் போனால் அவரைப் பற்றி எழுத ஒரு ரெடிமேட் அச்சு இருக்கிறது. கஷ்டப்பட்ட குடும்பம், யார் கடையிலோ வேலை, கைமாற்றாகக் கொஞ்சம் பணம், முதல் கடை, இரண்டாவது கடை, கிளைகள், கட்சி, ஒரு தோல்வி, அப்புறம் ஜெயம். கடைசிப் படத்தில் பாராளுமன்ற வாசலில் வெள்ளைச் சட்டையோடு நின்று கும்பிடுகிறார். முற்றும்.

என் புகாரே அந்த 'முற்றும்' மேல்தான். இன்டர்வெல் விட வேண்டிய இடத்தில் சுபம் போட்டுவிடுகிறோம். கடை அவருடையது, லாபம் அவருடையது, அந்தக் கதை நம் தயவில்லாமலே நடந்திருக்கும். நம்முடைய கதை அவர் பதவிப் பிரமாணம் எடுத்த பிறகுதான் ஆரம்பிக்கிறது. அதை யாரும் எழுதுவதும் இல்லை, கேட்பதும் இல்லை.

* * *

இந்த வகைக் கதைக்குத் தமிழ்நாட்டில் எல்லோருக்கும் தெரிந்த உதாரணம் எச். வசந்தகுமார். அவரை விளம்பரங்களில் நீங்கள் பார்த்திருப்பீர்கள். நடிகர் நடிகையரை மட்டும் நம்பாமல் தன் முகத்தையே விளம்பரம் ஆக்கியவர். உங்கள் வீட்டு ஃபிரிட்ஜோ வாஷிங் மெஷினோ அவர் கடையில் வாங்கியதாகக்கூட இருக்கலாம்.

1950 ஏப்ரல் 14இல் கன்னியாகுமரி மாவட்டம் அகஸ்தீஸ்வரத்தில் பிறந்தவர். சென்னைக்கு வந்து வி.ஜி.பி. நிறுவனத்தில் சேல்ஸ்மேனாக இருந்தார். தவணையில் சாமான் வாங்குவதைத் தமிழ்நாட்டு நடுத்தர வர்க்கத்துக்குப் பழக்கிவிட்ட முக்கியமான கம்பெனி அது. அங்கே கற்றதை வைத்து 1978இல் தி.நகரில் வசந்த் அண்ட் கோவைத் தொடங்கினார்.

தவணை வியாபாரம் கொஞ்சம் விசித்திரமானது. சாமானை எடை போடுவதற்கு முன்னால் ஆளை எடை போட வேண்டும். இந்தக் குடும்பம் மாசாமாசம் கட்டுமா, கட்டாமல் விட்டால் எதனால் விட்டது, ஏமாற்றுகிறார்களா, வேலை போய்விட்டதா, வீட்டில் யாருக்காவது உடம்பு சரியில்லையா... இதெல்லாம் கடைக்காரருக்குத் தெரிந்தாக வேண்டும். பொருளாதார நிபுணர்களின் அட்டவணையில் ஏறுவதற்கு ரொம்ப முன்னாலேயே ஒரு ஊரின் கஷ்டம் தவணைக்காரரின் நோட்டில் ஏறிவிடும்.

28 வருடக் கடை வாழ்க்கைக்குப் பிறகு 2006இல் நாங்குநேரி தொகுதியில் காங்கிரஸ் எம்.எல்.ஏ. ஆனார். 2011இல் அதே ஊரில் தோற்றார். 2014இல் கன்னியாகுமரி எம்.பி. தொகுதியில் பொன். ராதாகிருஷ்ணனிடம் ஒரு லட்சத்து இருபத்தெட்டாயிரம் ஓட்டுக்கு மேல் வித்தியாசத்தில் தோல்வி. 2016இல் மறுபடி நாங்குநேரியில் ஜெயித்தார். 2019இல் கன்னியாகுமரியில் அதே ராதாகிருஷ்ணனை இரண்டரை லட்சத்துக்கும் மேல் வித்தியாசத்தில் ஜெயித்து டெல்லிக்குப் போனார்.

விடாமுயற்சிக்கு நல்ல பாடம்தான், சந்தேகமே இல்லை. ஆனால் அச்சில் வார்த்த கதை மூன்று விஷயங்களை விட்டுவிடுகிறது.

முதலாவது, அண்ணன். குமரி அனந்தன் தமிழ்நாடு காங்கிரஸ் தலைவராக இருந்தவர். 1977லேயே நாகர்கோவில் எம்.பி. அண்ணன் பெயரைச் சொல்லி ஃபேன் விற்க முடியாது. வியாபாரம் தம்பியின் சொந்த உழைப்பு. ஆனால் அரசியல் என்ற வீட்டுக்கு வாசல் எந்தப் பக்கம் என்று விசாரிக்க வேண்டிய நிலைமை அவருக்கு இல்லை. 'ஒன்றுமே இல்லாமல் வந்தார்' என்று எழுதும்போது கடைக்கு அது பொருந்தும், கட்சிக்குப் பொருந்தாது. இரண்டையும் ஒரே மூச்சில் சொல்லும்போதுதான் கதை பொய்யாகிறது.

இரண்டாவது, பணம். 2019 வேட்புமனுவில் அவர் காட்டிய சொத்து சுமார் 417 கோடி ரூபாய். தமிழ்நாட்டு வேட்பாளர்களிலேயே பெரிய பணக்காரர் என்று அப்போது எல்லாப் பேப்பரிலும் வந்தது. சொத்தை மறைக்காமல் காட்டினார் என்பதற்காகப் பாராட்டலாம். ஆனால் 'சேல்ஸ்மேன் எம்.பி. ஆனார்' என்று தலைப்புப் போடும்போது ஒரு நிமிஷம் யோசியுங்கள். எம்.பி. ஆனது சேல்ஸ்மேன் இல்லை, நூற்றுக்கணக்கான கோடிக்கு அதிபதி. அவரோடு அதே கவுன்ட்டரில் நின்று, கடைசி வரைக்கும் சேல்ஸ்மேனாகவே ரிட்டையர் ஆன எத்தனையோ பேருக்கு எந்தக் கட்சி ஸீட் கொடுக்கும்?

மூன்றாவதுதான் முக்கியம். டெல்லியில் அவர் என்ன செய்தார்? அதற்கு அவருக்குக் கிடைத்த காலமே கொஞ்சம். 2019 ஜூனில் தொடங்கி 2020 மார்ச் வரை மூன்றே கூட்டத்தொடர்கள். 2020 ஆகஸ்ட் 28இல் கொரோனா அவரைக் கொண்டுபோய்விட்டது. அந்த மார்ச் மாதம், ஊரடங்குக்கு முந்தைய நாட்களில், கொரோனாவால் முடங்கப்போகிற சின்ன வியாபாரிகளுக்கும் தினக்கூலிக் குடும்பங்களுக்கும் அரசாங்கம் கைகொடுக்க வேண்டும் என்று மக்களவையில் பேசினார். எனக்கு அவர் வாழ்க்கையில் முக்கியமாகப் படுவது இந்தச் சில நிமிஷங்கள்தான். 1978 கதையைவிட, 417 கோடியைவிட. ஒரு மாதம் சம்பளம் வராவிட்டால் ஒரு வீட்டில் என்ன ஆகும் என்பது தவணைக்காரருக்கு யாரும் சொல்லித் தெரிய வேண்டியதில்லை. கல்லாப்பெட்டியில் கற்றது பாராளுமன்றத்துக்குப் பயன்பட்ட நேரம் அது.

அவரைப் பற்றி வந்த கட்டுரைகளில் இந்தச் சில நிமிஷங்களுக்கு எத்தனை வரி கிடைத்தது என்று நீங்களே எண்ணிப் பாருங்கள்.

* * *

"எம்.பி. அங்கே போய் என்ன பேசினா நமக்கென்னங்க? எங்க தெருவுக்கு ரோடு போட்டாரா, அதைச் சொல்லுங்க" என்று கேட்பீர்கள். நியாயமான கேள்வி. பதிலுக்குக் குமரியிலிருந்து வடக்கே, மாதனூருக்கு வர வேண்டும்.

சென்னை-பெங்களூர் நெடுஞ்சாலையில் பள்ளிகொண்டாவைத் தாண்டி ஆம்பூருக்கு முன்னால் வருகிற ஊர். பக்கத்திலேயே பாலாறு. 2019 வரை வேலூர் மாவட்டம், இப்போது திருப்பத்தூர் மாவட்டம், எம்.பி. தேர்தலுக்கு மட்டும் வேலூர்தான். காரில் போகிறவர்களுக்கு இது ஆம்பூர் பிரியாணிக்குப் பத்து நிமிஷம் முன்னால் வரும் ஒரு பெயர்ப்பலகை. இந்தப் பக்கத்துக் கிராமங்களுக்கு அப்படி இல்லை. காலையில் ஷூ கம்பெனி பஸ்ஸுக்காகச் சாப்பாட்டுப் பையோடு பெண்கள் காத்திருக்கிற வட்டாரம் இது. பஸ் வராத நாள் சம்பளம் இல்லாத நாள்.

அந்த பஸ் வருமா வராதா என்பதை யார் முடிவு செய்கிறார்கள்? ஊராட்சித் தலைவரா, எம்.எல்.ஏ.வா? கொஞ்சம் பின்னோக்கிப் பாருங்கள்.

ஒரு காலத்தில் இந்தப் பக்கத்து டேனரிகள் ஆவாரம்பட்டையும் கடுக்காயும் போட்டுத் தோலைப் பாதி பதப்படுத்திக் கப்பலேற்றிவிடும். மீதி வேலையும் பெரிய லாபமும் ஐரோப்பாவுக்கு. 1972இல் சீதாராமையா கமிட்டி, இது வேண்டாம், முழுக்கப் பதப்படுத்திய தோலாகவும் செருப்பாகவும் ஷூவாகவும் அனுப்புவோம் என்று சொன்னது. 1973இல் மத்திய அரசு பாதி பதப்படுத்திய தோல் ஏற்றுமதிக்கு அளவு கட்டியது. முணுமுணுத்தாலும் டேனரிகள் மாறின. இன்று ஆம்பூரில் தைக்கிற ஷூ வெளிநாட்டுக் கடையில் உட்காருகிறது என்றால், அதற்கு விதை போட்டது டெல்லியில் எழுதிய ஒரு ஏற்றுமதி விதி.

அடுத்தது 1990 வாக்கில். தோலில் பூஞ்சை பிடிக்காமல் இருக்கப் போடுகிற பென்டா குளோரோ ஃபீனால் என்ற மருந்து இருந்தால் சரக்கே வேண்டாம் என்றது ஜெர்மனி. 1994இல் சில வகை அசோ சாயங்களுக்கும் தடை. ஹாம்பர்க்கில் கதவைச் சாத்தினால் வாணியம்பாடியில் டிரம் நிற்கும். மாற்று மருந்துக்குச் சுங்க வரி எவ்வளவு, பரிசோதனைக்கூடம் எங்கே, அதற்கு யார் செலவு என்ற கேள்விகளுக்குப் பதில் எல்லாம் டெல்லியில்.

மூன்றாவதுதான் பெரிய இடி. 1996 ஆகஸ்ட் 28. வேலூர் குடிமக்கள் நல மன்றம் போட்ட வழக்கில் உச்ச நீதிமன்றத்தின் தீர்ப்பு. நாடு முழுக்கச் சட்டக் கல்லூரிகளில் இன்றைக்கும் அதைப் படிக்கிறார்கள். டேனரிக் கழிவால் சுமார் 35,000 ஹெக்டேர் விளைநிலம் பாதியோ முழுவதுமோ சாகுபடிக்கு லாயக்கில்லாமல் போய்விட்டது என்று தீர்ப்பில் பதிவாகியிருக்கிறது. கெடுத்தவன் காசு கொடுக்க வேண்டும் என்ற கொள்கை இந்திய மண்ணில் வேர்விட்டதில் பாலாற்றுக்குப் பெரிய பங்கு உண்டு.

அந்தத் தீர்ப்பில் நம் விஷயத்துக்குத் தேவையான ஒரு பகுதி இருக்கிறது. சுற்றுச்சூழல் பாதுகாப்புச் சட்டத்தைப் பாராளுமன்றம் 1986லேயே போட்டாகிவிட்டது. தனியாக அதிகார அமைப்பை நியமித்து நடவடிக்கை எடுக்க மத்திய அரசுக்கு அதில் வழி இருக்கிறது. பத்து வருடமாக ஏன் அதை உருப்படியாகப் பயன்படுத்தவில்லை என்று கோர்ட் கேட்டது. யோசித்துப் பாருங்கள். அது ஒரு எம்.பி. எழுந்து கேட்க வேண்டிய கேள்வி. 'சட்டத்தின் இந்தப் பிரிவின்படி அமைப்பு நியமிக்கப்பட்டதா, இல்லையென்றால் ஏன்?' இரண்டே வரி. ஒரு பைசா செலவில்லை. அந்த இரண்டு வரிக்காக ஊர்க்காரர்கள் உச்ச நீதிமன்றம் வரை போக வேண்டியிருந்தது.

* * *

இங்கேதான் வியாபாரி எம்.பி. என்ற விஷயம் சிக்கலாகிறது. தோல் தெரிந்தவர் டெல்லிக்குப் போனால் ஊருக்கு நல்லதா, கெட்டதா?

நல்லது. குரோமியம் கிலோ என்ன விலை, எவ்வளவு தோலுக்குள் போகிறது, எவ்வளவு சாக்கடைக்குப் போகிறது என்று அவருக்கு மனப்பாடம். அதிகாரி எழுதிக் கொடுத்த பதிலை மந்திரி படிக்கும்போது, எங்கே மழுப்பல் என்று கண்டுபிடித்துவிடுவார்.

கெட்டது. அந்தச் சாக்கடை அவர் டேனரியிலிருந்தே கிளம்பலாம். சுத்திகரிப்புச் செலவு அவர் லாபத்தில் கை வைக்கும். கிணறு கெட்டுப்போன விவசாயியும் அவர் வோட்டர், தோல் சங்கத்து நண்பரும் அவர் வோட்டர். யாருக்காக எழுந்து நிற்பார்?

இரண்டு விதமாகவும் நடந்திருக்கிறது. முதல் விதத்துக்கு இங்கிலாந்திலிருந்து ஒரு ஆள். சாமுவேல் பிளிம்ஸால். 1824இல் பிறந்தவர். லண்டனில் நிலக்கரி வியாபாரம் செய்து நொடித்துப்போனவர். கையில் காசில்லாமல் ஏழைத் தொழிலாளிகளோடு விடுதியில் தங்கிய நாட்கள் உண்டு. திரும்ப நிமிர்ந்து, 1868இல் டெர்பி தொகுதி எம்.பி. இதுவரை அதே அச்சுக் கதைதான். இனிமேல்தான் வித்தியாசம். அந்தக் காலத்தில் கப்பல் முதலாளிகள் ஓட்டைக் கப்பலில் தாங்க முடியாத பாரம் ஏற்றி, நிறைய இன்ஷூரன்ஸும் எடுத்துவிடுவார்கள். கப்பல் கரை சேர்ந்தால் லாபம். மூழ்கினாலும் லாபம். மாலுமி மட்டும் திரும்பி வரமாட்டான். சவப்பெட்டிக் கப்பல் என்றே அவற்றுக்குப் பெயர்.

கப்பலின் வெளிப்பக்கத்தில் ஒரு கோடு போடுங்கள், அந்தக் கோடு தண்ணீரில் முங்கினால் பாரம் அதிகம் என்று அர்த்தம் என்றார் பிளிம்ஸால். அவர் கேட்டது அவ்வளவுதான். சபையில் கப்பல் முதலாளிகளும் உட்கார்ந்திருந்தார்கள். மசோதா தள்ளித் தள்ளிப் போயிற்று. 1875இல் ஒரு நாள் மனுஷன் பொறுமை இழந்து, சபைக்கு நடுவிலேயே முஷ்டியை ஆட்டி, அயோக்கியர்கள் என்று கத்திவிட்டார். பிறகு மன்னிப்புக் கேட்டார். ஆனால் ஊரே அவர் பக்கம் நின்றது. 1876இல் சட்டம் வந்தது. அப்போதுகூட கோட்டை எங்கே போடுவது என்பதைக் கப்பல் முதலாளியிடமே விட்டிருந்தார்கள் (உலகத்தில் எல்லா அரசாங்கமும் ஒரே பள்ளிக்கூடத்தில்தான் படித்திருக்கின்றன போலும்). அதைச் சரிசெய்ய 1890 ஆனது.

இன்றைக்கும் சரக்குக் கப்பலில் அந்தக் கோடு உண்டு. பெயர் பிளிம்ஸால் கோடு. ஆம்பூர்க்காரர்களுக்கு ஒரு உபரித் தகவல்: ரப்பர் அடிப்பாகம் வைத்த கான்வாஸ் ஷூவுக்கும் இங்கிலாந்தில் பிளிம்ஸால் என்றுதான் பெயர். ஷூவைச் சுற்றி ஓடுகிற ரப்பர்ப் பட்டை அந்தக் கோடு மாதிரி இருப்பதால் வந்தது என்கிறார்கள்.

அவர் நிலக்கரி வியாபாரி. பாரம் குறைந்தால் கப்பல் முதலாளிகளுக்கு லாபம் குறையும், அவர்களுடைய பகை வரும் என்பது அவருக்குத் தெரியாதா? தெரிந்துதான் கேட்டார். வியாபாரி எம்.பி.க்கு நான் வைக்கிற உரைகல் இதுதான். தன் கல்லாவுக்கு எதிராக ஒரு தடவையாவது எழுந்து நின்றாரா?

இரண்டாவது விதத்துக்கு உதாரணம் தேட வெகுதூரம் போக வேண்டாம். விஜய் மல்லையா. சின்ன ஊர்க்காரர் இல்லை, பரம்பரைப் பணக்காரர். 2002லும் 2010லும் கர்நாடகத்திலிருந்து மாநிலங்களவைக்குப் போனவர். கையில் கிங்ஃபிஷர் ஏர்லைன்ஸ். கூடவே விமானத் துறைக்கான எம்.பி.க்கள் ஆலோசனைக் குழுவிலும் உறுப்பினர். 2012இல் விமானங்கள் நின்றுபோயின. 2016இல் பாங்க் கடனைப் பாக்கி வைத்துவிட்டு நாட்டைவிட்டுப் போனார், பதவியையும் விட்டார். ஆலோசனைக் குழுவில் அவர் யாருக்கு ஆலோசனை சொன்னார் என்பது உங்கள் கற்பனைக்கு.

மாநிலங்களவையில் உறுப்பினர்களின் தொழில் நலன்களுக்கு ஒரு பதிவேடு உண்டு. எந்தக் கம்பெனியில் டைரக்டர், எதில் பெரும்பான்மைப் பங்கு, யாரிடம் ஆலோசனைக் கட்டணம் என்று எழுதிக் கொடுக்க வேண்டும். நாம் நேரடியாக ஓட்டுப் போட்டு அனுப்புகிற மக்களவையில் அந்த மாதிரிப் பதிவேடு இல்லை. ஓட்டெடுப்பில் ஒருவருக்குப் பண ஆதாயம் இருந்தால் மற்றவர் ஆட்சேபிக்கலாம் என்று மட்டும் விதி இருக்கிறது. சாதாரண ஆபீஸ் டெண்டர் கமிட்டியில்கூட, 'மச்சான் கம்பெனி சார், நான் விலகிக்கறேன்' என்று சொல்ல வேண்டும். சட்டம் போடுகிற இடத்தில் அது கட்டாயமில்லை.

* * *

வேலூர் தொகுதியிலேயே வண்டி ரிவர்ஸிலும் ஓடியிருக்கிறது. ஏ.சி. சண்முகம் பட்டுக்குப் பேர்போன ஆரணிப் பக்கம். 1980இல் அ.தி.மு.க. சார்பில் ஆரணி எம்.எல்.ஏ., 1984இல் வேலூர் எம்.பி. அவர் கதையில் அரசியல் முதலில், நிறுவனம் அப்புறம். 1988இல் எம்.ஜி.ஆர். பெயரில் சென்னையில் எஞ்சினியரிங் கல்லூரி. 2003இல் அது நிகர்நிலைப் பல்கலைக்கழகம். சொந்தமாகப் புதிய நீதிக் கட்சி. 2014இல் தாமரைச் சின்னத்தில் வேலூரில் நின்று சுமார் 59,000 ஓட்டில் தோற்றார். 2019இல் இரட்டை இலையில் நின்று வெறும் 8,141 ஓட்டில் தோற்றார். 2024இல் மறுபடி தாமரை, மறுபடி தோல்வி, வித்தியாசம் இரண்டு லட்சத்துக்கு மேல்.

அவரை நல்லவர், கெட்டவர் என்று தரம் பிரிப்பது என் வேலை இல்லை. டேனரி வைத்திருப்பவரிடம் கேட்கிற அதே கேள்வியைக் கல்லூரி வைத்திருப்பவரிடமும் கேட்க வேண்டும் என்கிறேன். ஃபீஸ், ஸீட், அங்கீகாரம் எல்லாவற்றுக்கும் டெல்லியில்தான் விதி எழுதுகிறார்கள். மூன்று தேர்தல்களிலும் எத்தனையோ மேடை, எத்தனையோ மைக். அந்தத் தொகுதியின் வேட்பாளர்களில் யாரிடமாவது, 'உங்க தொழில் சம்பந்தமான மசோதா வந்தா நீங்க என்ன செய்வீங்க?' என்று நீங்கள் கேட்டீர்களா?

நீங்கள் கேட்டிருக்க மாட்டீர்கள். 2019இல் வேலூர் வேறு விஷயத்துக்காக நாடு முழுக்கப் பேசப்பட்டது. ஏப்ரல் 18 ஓட்டுப்பதிவு. அதற்கு முன் தி.மு.க. தரப்பினருக்குத் தொடர்பு உள்ளதாகச் சொல்லப்பட்ட இடங்களில் வருமான வரித் துறை சோதனை போட்டதில் 11 கோடி ரூபாய்க்கு மேல் பிடிபட்டது. தி.மு.க. வேட்பாளர் கதிர் ஆனந்த் தனக்குச் சம்பந்தமில்லை என்று மறுத்தார். ஏப்ரல் 16ஆம் தேதி தேர்தல் ரத்து. பணம் காரணமாக ஒரு மக்களவைத் தொகுதித் தேர்தலே ரத்தானது இந்தியாவில் அதுதான் முதல் தடவை. ஒரு வேட்பாளர் சட்டப்படி செலவழிக்கக்கூடிய உச்சவரம்பு அப்போது 70 லட்சம். கணக்கு நீங்களே போட்டுக்கொள்ளுங்கள்.

தேர்தல் கடைசியில் ஆகஸ்ட் 5இல் நடந்து 9ஆம் தேதி முடிவு வந்தது. கதிர் ஆனந்த் ஜெயித்தார். 2024இல் மறுபடியும் அவரே. இதையெல்லாம் பேப்பரில் படித்திருப்பீர்கள். ஆனால் யாரும் அதிகம் பேசாத ஒன்று இருக்கிறது. புதிய மக்களவையின் முதல் கூட்டத்தொடர் ஜூன் 17இல் தொடங்கி ஆகஸ்ட் 6இல் முடிந்துவிட்டது. அந்த ஜூலையில் மத்திய பட்ஜெட். காஷ்மீரின் சிறப்பு அந்தஸ்தை நீக்கும் தீர்மானம் ஆகஸ்ட் 5, 6 தேதிகளில். அத்தனையும் நடந்தபோது வேலூரின் நாற்காலி காலி. ஓட்டுக்குப் பணம் வாங்கினால் என்ன குடியா முழுகிவிடும் என்பவர்களுக்கு இந்தத் தேதிகளைக் காட்டுங்கள். பதினான்கு லட்சத்துக்கும் மேற்பட்ட வோட்டர்கள், ஒரு முழுக் கூட்டத்தொடருக்கு வாயில்லாமல் இருந்தார்கள்.

* * *

இனி அந்த ரோடு விஷயம். எம்.பி.யை நாம் வார்டு கவுன்சிலரின் பெரிய சைஸ் என்று நினைக்கிறோம். ரோடு, நிழற்குடை, ஹைமாஸ் விளக்கு. 1993 டிசம்பரில் தொகுதி மேம்பாட்டு நிதி வந்த பிறகு இந்த எண்ணம் இன்னும் கெட்டிப்பட்டுவிட்டது. இப்போது ஒரு எம்.பி.க்கு வருடத்துக்கு 5 கோடி. கேட்க பிரமாதமாக இருக்கும். வேலூர் மாதிரித் தொகுதியில் ஆறு சட்டமன்றத் தொகுதிகள். வோட்டர் எண்ணிக்கையால் வகுத்தால் தலைக்கு வருடம் 35 ரூபாய் வருகிறது. ஆம்பூரில் அரை பிளேட் பிரியாணிக்குக்கூடப் பற்றாது.

ஐந்து கோடியில் வேலையை முடிக்கிறவராக அவரைச் சுருக்குவது நாம்தான். அவர் கையில் இருக்கிற பெரிய சாமான் கேள்வி. மக்களவையில் தினமும் காலை பதினோரு மணிக்குக் கேள்வி நேரம். நட்சத்திரக் குறியிட்ட இருபது கேள்விகளுக்கு மந்திரிகள் எழுந்து பதில் சொல்ல வேண்டும்; இன்னும் இருநூற்றுச் சொச்சம் கேள்விகளுக்கு எழுத்தில் பதில். யார் என்ன கேட்டார், என்ன பதில் வந்தது என்பது பாராளுமன்ற இணையதளத்தில் இருக்கிறது. பத்தாம் வகுப்புப் படிக்கும் உங்கள் பெண்ணிடம் சொன்னால் பத்து நிமிஷத்தில் எடுத்துக் காட்டிவிடுவாள்.

வியாபாரிக்கு இது கைவந்த கலை. தினமும் கடை கட்டுவதற்கு முன் கணக்கு முடிக்காமல் தூங்காதவர். எங்கே பாக்கி, யார் இழுத்தடிக்கிறார்கள் என்று விரல் நுனியில் வைத்திருப்பவர். அந்தக் குணத்தை டெல்லிக்கு எடுத்துக்கொண்டு போனால் அவரைவிட நல்ல எம்.பி. கிடையாது. அதைக் கடையிலேயே விட்டுவிட்டு வெறும் கல்லாப்பெட்டியை மட்டும் தூக்கிக்கொண்டு போனால் நமக்கு என்ன லாபம்?

பாக்கி என்றதும் பாலாறு ஞாபகம் வருகிறது. 1996 தீர்ப்புக்குப் பிறகு நியமித்த அமைப்பு 2001 மார்ச்சில் இழப்பீட்டுக் கணக்கை முடித்தது. நிலமும் கிணறும் கெட்டுப்போன இருபத்தொன்பதாயிரத்துக்கும் மேற்பட்டவர்களின் பட்டியல் அது. 2009இல் இன்னொரு கணக்கு வந்தது. நடுவில் 2015 ஜனவரி 31ஆம் தேதி ராணிப்பேட்டையில் சுத்திகரிப்பு நிலையத்தின் கழிவுத் தொட்டிச் சுவர் இடிந்து, தூங்கிக்கொண்டிருந்த பத்துத் தொழிலாளர்கள் சேற்றில் புதைந்து செத்தார்கள். 2025 ஜனவரி 30இல் உச்ச நீதிமன்றம் மறுபடியும் உத்தரவு போட்டது: 2001, 2009 கணக்கின்படி மிச்சம் உள்ள இழப்பீட்டை ஆறு வாரத்தில் கொடு, கெடுத்தவர்களிடம் வசூல் செய், ஓய்வுபெற்ற நீதிபதி தலைமையில் ஒரு குழு போட்டுக் கண்காணி.

2001க்கும் 2025க்கும் நடுவில் இருபத்து நான்கு வருடம். தவணைக் கடையில் ஒருவர் 24 வருடம் பாக்கி வைத்தால் விடுவார்களா?

அடுத்த தேர்தலில் எந்தக் கட்சி, எந்த வியாபாரி உங்கள் வாசலுக்கு வந்தாலும், அவர் சைக்கிளில் துணி விற்ற கதையைச் சொன்னால் மரியாதையாகக் கேட்டுக்கொள்ளுங்கள். காபிகூடக் கொடுங்கள். அப்புறம் மூன்றே மூன்று கேள்வி கேளுங்கள். "ஐயா, உங்க தொழில் என்ன, அதில் டெல்லிக்கு என்ன வேலை? அந்தத் தொழிலுக்கும் எங்க ஊருக்கும் சண்டை வந்தா நீங்க எந்தப் பக்கம்? அங்கே போய் நீங்க கேட்கப்போற முதல் கேள்வி என்ன?"

மாதனூர்க்காரர் என்றால் மூன்றாவதற்கு விடையை நீங்களே எடுத்துக் கொடுக்கலாம். அந்தப் பட்டியலில் இருக்கிற எத்தனை குடும்பத்துக்குப் பணம் போய்ச் சேர்ந்தது?